மாறுதல் ஆணையும் குற்றச்சாட்டுக் குறிப்பாணையும்: புதிய அரசு ஊழியருக்கான சட்ட வழிகாட்டி

அரசுப் பணியில் சேர்ந்து சில ஆண்டுகளே ஆன ஒருவர் வழக்கறிஞரைத் தேடிச் செல்ல நேர்ந்தால், அவர் கையில் பெரும்பாலும் இரண்டு தாள்களில் ஒன்று இருக்கும். ஒன்று பணியிட மாறுதல் ஆணை. மற்றொன்று, அலுவலகங்களில் ‘சார்ஜ் மெமோ’ என்றே வழங்கும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை. இரண்டையும் எதிர்த்து நீதிமன்றம் செல்ல வழி உண்டு. ஆனால் நீதிமன்றம் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்று தெரிந்துகொள்ளாமல் சென்றவர்கள், நியாயம் தம் பக்கம் இருந்தும் தோற்றிருக்கிறார்கள். நீதிபதி மேலதிகாரியின் நாற்காலியில் அமர்ந்து அதே முடிவை மறுபடி எடுப்பதில்லை. அதிகாரம் உள்ளவர், விதிப்படி, உள்நோக்கம் இன்றி, உங்கள் தரப்பைக் கேட்க வேண்டிய இடத்தில் கேட்டு அந்த முடிவுக்கு வந்தாரா என்பதையே அவர் பார்க்கிறார். அதற்கான சான்று, தாள் கைக்கு வந்த முதல் சில வாரங்களில் நீங்கள் எழுதும் கடிதங்களிலும் வாங்கி வைக்கும் நகல்களிலும்தான் உருவாகிறது.

இங்கே சொல்லப்படுபவை முதன்மையாகத் தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கு உரியவை. மத்திய அரசு ஊழியர்களுக்குத் தனி நடத்தை விதிகளும், 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த மத்திய நிர்வாகத் தீர்ப்பாயமும் உண்டு. அங்கே இறுதி ஆணை கிடைத்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு தாக்கல் செய்துவிட வேண்டும். ஆலைத் தொழிலாளர்களுக்கு நிலையாணைகளும் (ஆலையின் பணி விதிகள்) தொழில் தகராறுக்கான தீர்ப்பு அமைப்புகளும் வேறு வழியாக இருக்கின்றன. விசாரணை நியாயமாக நடக்க வேண்டும் என்ற பகுதி மட்டும் எல்லோருக்கும் ஏறக்குறைய ஒன்றே.

மாறுதல் ஆணையை வரி வரியாகப் படித்தல்

ஆணையை வாங்கும்போது, பெற்ற நாளையும் நேரத்தையும் எழுதிக் கையொப்பமிடுங்கள். வாங்க மறுப்பதால் எந்தப் பயனும் இல்லை. மறுத்ததாகக் குறிப்பு எழுதி, வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டால் ஆணை சார்பு செய்யப்பட்டதாகவே, அதாவது உங்களிடம் சேர்ப்பிக்கப்பட்டதாகவே கொள்ளப்படும். மறுத்த செயலே பிறகு ஒரு குற்றச்சாட்டாகவும் வந்து நிற்கும்.

அடுத்து, செயல்முறைகளின் (ஆணைத் தாளின்) தலைப்பைப் பாருங்கள். ஆணையிட்டவர் உங்கள் பதவியில் உள்ளவரை மாற்றும் அதிகாரம் பெற்றவர்தானா? மாவட்டத்துக்குள் மாறுதல் வழங்க மட்டுமே அதிகாரம் உள்ள ஓர் அலுவலர் உங்களை வேறு மாவட்டத்துக்கு மாற்றியிருந்தால், அந்த ஒரு குறையே ஆணையை ரத்து செய்யப் போதுமானது. ந.க. எண் எனப்படும் கோப்பு எண்ணையும் நாளையும் குறித்துக்கொள்ளுங்கள். பின்னால் எழுதும் ஒவ்வொரு கடிதத்திலும் அவை தேவைப்படும்.

அதற்கும் கீழே ‘பார்வை’ என்ற சொல்லோடு ஒரு சிறு பட்டியல் இருக்கும். புதியவர்கள் கண்ணை ஓட்டிவிட்டுக் கடந்துபோகும் இடம் இதுதான். என் அனுபவத்தில் வழக்குக்கு மிகுந்த பயன் தருவதும் இதுதான். ஆணையின் உடலில் ‘நிருவாக நலன் கருதி மாறுதல் அளிக்கப்படுகிறது’ என்ற ஒற்றை வரிதான் இருக்கும். ஆனால் பார்வையில் முதல் இனமாக ஒருவரின் புகார் மனுவும், இரண்டாவது இனமாக அந்தப் புகாரின் மீது சார்நிலை அலுவலர் அனுப்பிய அறிக்கையும் இடம்பெற்றிருந்தால், நிருவாக நலன் என்ற சொல்லுக்குப் பின்னால் இருப்பது குற்றச்சாட்டு என்பதை ஆணையே ஒப்புக்கொண்டதாகிறது. தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தினால் அந்த ஆணை நிற்காது என்று சோமேஷ் திவாரி வழக்கில் (2009) உச்ச நீதிமன்றம் சொன்னது. அங்கேயும் பெயரில்லாப் புகாரிலிருந்துதான் எல்லாம் தொடங்கியது. எனவே பார்வையில் காட்டப்பட்ட ஒவ்வொரு கடிதத்தின் நகலையும் எழுத்து மூலம் கேளுங்கள். தர மறுத்தால், 2005-ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் பொதுத் தகவல் அலுவலருக்கு மனு செய்யுங்கள். 30 நாட்களுக்குள் பதில் அளிக்க அவர் கடமைப்பட்டவர்.

கடைசிப் பத்தியில் இரண்டு சொற்றொடர்களைக் கவனிக்க வேண்டும். ‘மாற்றுப் பணியாளரை எதிர்பாராமல் உடன் விடுவிக்க’ என்று இருந்தால், நீங்கள் நீதிமன்றத்தை அடைவதற்குள் பணிவிடுவிப்பு முடிந்துவிடக்கூடும் என்று பொருள். ‘சொந்த விருப்பத்தின் பேரில்’ என்று இருந்து, நீங்கள் விருப்ப மனுவே அளிக்கவில்லை என்றால், அன்றைக்கே மறுத்து எழுதுங்கள். விருப்ப மாறுதலில் செல்பவருக்கு மாறுதல் பயணப்படி கிடைக்காது. வேறு நியமன அலகுக்கு (தனி முதுநிலைப் பட்டியல் உள்ள பிரிவுக்கு) செல்பவர் முதுநிலையையும் (சீனியாரிட்டி) இழக்க நேரிடலாம்.

பணியேற்பதா, காத்திருப்பதா

இது எல்லோரும் முதலில் கேட்கும் கேள்வி. தடையாணை கையில் இல்லாத வரை, விடுவிக்கப்பட்டவர் புதிய இடத்தில் சேர்ந்துவிட வேண்டும் என்பதே என் உறுதியான கருத்து. முறையீடு கொடுத்திருக்கிறேன், அதற்குப் பதில் வரும்வரை சேரமாட்டேன் என்ற வாதத்தைக் குஜராத் மின்வாரிய வழக்கில் 1989-ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் ஏற்க மறுத்தது. ஆணை நிறுத்திவைக்கப்படாத நிலையில் சேராமல் இருப்பவர் ஒழுங்கு நடவடிக்கைக்கு உள்ளாவார் என்று அந்தத் தீர்ப்பு தெளிவாகச் சொல்கிறது. மாறுதலை எதிர்த்துத் தொடங்கிய போராட்டம் ‘அனுமதியின்றிப் பணிக்கு வராமை’ என்ற குற்றச்சாட்டில் போய் முடிவதும், முதலில் இருந்த நல்ல வழக்கு அதில் மூழ்கிப் போவதும் இப்படித்தான்.

ஆணை வந்த அன்றே மருத்துவ விடுப்பில் செல்லும் வழக்கம் பரவலாக இருக்கிறது. உண்மையிலேயே உடல்நலம் குன்றியிருந்தால் சரி. இல்லையென்றால் மருத்துவக் குழுவுக்கு அனுப்பப்பட்டு, சான்றிதழே பொய் என்ற நிலைக்கு ஆளாகலாம். நல்ல காரணம் கையில் இருப்பவர் இந்த வழியில் போகவே தேவையில்லை.

சேருவதால் எதிர்க்கும் உரிமை போய்விடாது. பணியேற்பு அறிக்கையிலேயே ஒரு வரியைச் சேர்த்துவிட்டால் போதும்: ‘மேற்படி மாறுதல் ஆணைக்கு எதிராக நான் அளித்துள்ள முறையீட்டுக்கும், சட்டப்படி எனக்குள்ள உரிமைகளுக்கும் பாதகமின்றி இன்று முற்பகல் பணியேற்கிறேன்.’ அறிக்கையை இரண்டு படிகளாக எடுத்துச் சென்று, ஒன்றில் அலுவலக முத்திரையும் நாளும் பெற்றுக்கொள்ளுங்கள்.

எந்தக் காரணங்கள் எடுபடும்

மாறுதல் என்பது பணியின் இயல்பான நிகழ்வு. குறிப்பிட்ட ஊரில்தான் பணிபுரிவேன் என்று கேட்கும் உரிமை யாருக்கும் இல்லை. இந்த நிலைப்பாட்டை உச்ச நீதிமன்றம் 1991-இல் ஷில்பி போஸ் வழக்கிலும், 1993-இல் அப்பாஸ் வழக்கிலும், அதன் பிறகும் பலமுறை சொல்லியிருக்கிறது. தலையிடுவதற்கு அது விட்டுவைத்த வாசல்கள் மூன்றுதான். அதிகாரமற்றவர் ஆணையிட்டிருக்க வேண்டும். அல்லது சட்ட வலிமை கொண்ட விதி மீறப்பட்டிருக்க வேண்டும். அல்லது தீய உள்நோக்கம் மெய்ப்பிக்கப்பட வேண்டும். தண்டனை மாறுதல் என்பது மூன்றாவதன் ஒரு வடிவம்.

இரண்டாவது வாசலில் பலர் ஏமாறுகிறார்கள். மூன்று ஆண்டுகள் ஓரிடத்தில் இருக்கலாம், கணவன் மனைவி ஒரே இடத்தில் பணிபுரிய வகை செய்யலாம் என்றெல்லாம் அரசு வெளியிடும் வழிகாட்டு நெறிமுறைகள் சட்ட வலிமை கொண்ட விதிகள் ஆகா என்பதே அப்பாஸ் வழக்கின் சாரம். நெறிமுறை மீறப்பட்டது என்பதை மட்டும் வைத்து வழக்கு நடத்த முடியாது. ஆனால் அதை முறையீட்டில் எழுதத் தவறக் கூடாது. உங்களுக்கு மட்டும் நெறிமுறை தளர்த்தப்பட்டு, அதே அலுவலகத்தில் உங்களைவிட நீண்ட காலம் இருப்பவர் தொடப்படவே இல்லை என்றால், அது உள்நோக்கத்துக்கான சான்றாக நின்று பயன்படும்.

உள்நோக்கம் என்று எழுதுவது எளிது. மெய்ப்பிக்கும் பொறுப்பு மிகக் கனமானது. தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்து வேறு பதவிக்கு மாற்றப்பட்ட இ.பி. ராயப்பா தொடுத்த வழக்கில்தான் (1974), தான்தோன்றித்தனமும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பகை என்ற புகழ்பெற்ற கோட்பாடு பிறந்தது. அந்தக் கோட்பாட்டைத் தந்த வழக்கிலேயே உள்நோக்கக் குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்படவில்லை என்று மனு தள்ளுபடி ஆனது. மாநிலத்தின் தலைமை அலுவலருக்கே அந்த நிலை என்றால், ஓர் இளநிலை உதவியாளர் எவ்வளவு கவனமாக இருக்க வேண்டும் என்பதை எண்ணிப் பாருங்கள். யார், எந்த நாளில், எதற்காக உங்கள் மீது பகை கொண்டார், அதற்கும் இந்த ஆணைக்கும் என்ன தொடர்பு என்பதை நாள் வரிசையில் எழுத வேண்டும். உள்நோக்கம் யார் மீது சாட்டப்படுகிறதோ அவரைப் பதவியின் பெயரால் மட்டுமன்றி, சொந்தப் பெயராலும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். சேர்க்காவிட்டால் அந்தக் குற்றச்சாட்டை நீதிமன்றம் ஆராயவே மறுக்கலாம்.

சட்டமன்ற உறுப்பினரின் பரிந்துரைக் கடிதம் கோப்பில் இருக்கிறது என்பதை வலிய ஆதாரமாகப் பலர் நினைக்கிறார்கள். மக்கள் பிரதிநிதியின் பரிந்துரை இருந்தது என்பதால் மட்டுமே மாறுதல் ஆணை கெட்டுவிடாது என்று 2007-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. அதோடு வேறு சான்றும் வேண்டும்.

உள்நோக்கம் மெய்ப்பிக்கப்பட்டதற்கு நல்ல எடுத்துக்காட்டு 2020-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்று. பொதுத்துறை வங்கி ஒன்றின் பெண் அதிகாரி கிளையில் நடந்த முறைகேடுகளைப் பற்றியும், தமக்கு நேர்ந்த பாலியல் தொல்லை பற்றியும் புகார் அளித்த பின் இந்தூரிலிருந்து ஜபல்பூருக்கு மாற்றப்பட்டார். புகார்களின் நாட்களும் மாறுதலின் நாளும் அடுத்தடுத்து நின்றதே அவருக்குத் துணையாயிற்று. மாறுதல் பழிவாங்கும் செயல் என்று கண்டு, உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்ததை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. பணியிடப் பாலியல் தொல்லைத் தடுப்புச் சட்டம் (2013) இதற்கு மாறான திசையிலும் உதவுகிறது: விசாரணை நடக்கும் காலத்தில் பாதிக்கப்பட்ட பெண் எழுத்து மூலம் கேட்டால், அவரையோ எதிர்த்தரப்பினரையோ வேறு இடத்துக்கு மாற்றக் குழு பரிந்துரைக்கலாம். மாற்றுத்திறனாளி ஊழியர்களுக்கு 2016-ஆம் ஆண்டு உரிமைகள் சட்டத்தின் 20-ஆம் பிரிவு இருக்கிறது; பணியிடம், மாறுதல் பற்றித் தனிக் கொள்கை வகுக்க அரசுக்கு அதுவே இடம் தருகிறது. எனவே அவர்கள் முறையீட்டில் அந்தப் பிரிவையே மேற்கோள் காட்ட வேண்டும்.

முதிய பெற்றோர், பிள்ளைகளின் படிப்பு, நோய் ஆகிய காரணங்கள் துறைத் தலைவரிடம் பேச வேண்டியவை. நீதிமன்றம் இவற்றைப் பரிவோடு கேட்கலாம். இவற்றின் மீது மட்டும் ஆணையை ரத்து செய்வது மிக அரிது.

நீதிமன்றத்துக்குச் செல்லும் முறை

மாநில அரசு ஊழியர்களுக்கென இருந்த தனித் தீர்ப்பாயம் மூடப்பட்டுவிட்டதால், அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் கூறின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்வதே இன்றைய வழி. கன்னியாகுமரி, திருநெல்வேலி முதல் திருச்சிராப்பள்ளி, கரூர் வரையிலான தென் மாவட்டத்தினர் 2004-இல் தொடங்கிய மதுரைக் கிளைக்கும், மற்றவர்கள் சென்னைக்கும் செல்ல வேண்டும். அதற்கு முன் துறைத் தலைவருக்கு ஒரு முறையீடு அனுப்பி, அனுப்பியதற்கான சான்றை வைத்துக்கொள்ளுங்கள். முறையான வழியில் ஒரு படியும், சேர்ப்புச் சான்றுடன் விரைவுத் தபாலில் ஒரு முன்படியும் (துறைத் தலைவருக்கு நேரே செல்லும் நகல்) அனுப்புவது நல்லது.

மாறுதல் வழக்கில் நாட்கள்தான் மிக முக்கியம். விடுவிக்கப்படுவதற்கு முன் வந்தவருக்குத் தற்போதைய நிலை தொடரட்டும் என்ற இடைக்கால ஆணை கிடைக்க ஓரளவு வாய்ப்பு உண்டு. விடுவிக்கப்பட்டு, அந்த இடத்தில் மற்றொருவர் வந்து சேர்ந்துவிட்ட பின் நீதிமன்றம் தயங்கும். அந்த மற்றொருவரையும் வழக்கில் சேர்க்க வேண்டி வரும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ‘மனுதாரரின் முறையீட்டைப் பரிசீலித்து இத்தனை வாரங்களுக்குள் தக்க ஆணை பிறப்பிக்க’ என்ற வகை உத்தரவோடு பல மனுக்கள் முதல் நாளிலேயே முடிந்துவிடுகின்றன. அதை வெற்றி என்று எண்ணி இனிப்பு வழங்குபவர்களைப் பார்க்கும்போது வருத்தமாக இருக்கிறது. அந்த உத்தரவு மாறுதலை நிறுத்துவதில்லை; துறை மறுத்து ஓர் ஆணை அனுப்பினால் மீண்டும் முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். காலம் கடந்த உரிமையை இத்தகைய பரிசீலனை உத்தரவு உயிர்ப்பித்துவிடாது என்பதையும் தமிழ்நாட்டிலிருந்தே சென்ற ஜேக்கப் வழக்கில் (2008) உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. உங்கள் காரணம் மேற்சொன்ன மூன்று வாசல்களில் ஒன்றில் பொருந்துமானால், ஆணையின் செல்லுபடியையே விசாரிக்க நீதிமன்றத்தைக் கோரும்படி வழக்கறிஞரிடம் வற்புறுத்துங்கள்.

குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தால்

தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகள் 1955-ஆம் ஆண்டில் வந்தவை. அவற்றுள் 17-ஆம் விதியே அன்றாடம் பேசப்படுவது. 17(அ) சிறு தண்டனைகளுக்கான சுருக்கமான முறை: விளக்கம் கேட்டு, அதைப் பரிசீலித்து ஆணையிடலாம். 17(ஆ) பெருந்தண்டனைகளுக்கானது: பதவியிறக்கம், கட்டாய ஓய்வு, பணிநீக்கம் (ரிமூவல்), பணியறவு (டிஸ்மிசல்) வரை செல்லக்கூடியது. எனவே முழு விசாரணை வேண்டும். பதவியிறக்கம், பணிநீக்கம், பணியறவு மூன்றையும் குற்றச்சாட்டைத் தெரிவித்து, எதிர்வாதத்துக்கு நியாயமான வாய்ப்பளித்த விசாரணைக்குப் பின்னரே விதிக்கலாம் என்பது அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆம் கூறு தரும் பாதுகாப்பு. வாரியங்கள், கழகங்களின் ஊழியர்களுக்கு 311 பொருந்தாது; அவர்களுடைய பணி விதிகளும், எதிர்த்தரப்பை நடுநிலையோடு கேட்க வேண்டும் என்ற இயற்கை நீதிக் கோட்பாடும் அதே வேலையைச் செய்கின்றன.

குறிப்பாணையில் மூன்று இணைப்புகளைத் தேடுங்கள்: குற்றச்சாட்டு, அதற்கான விவர அறிக்கை, ஆவணங்கள் மற்றும் சாட்சிகளின் பட்டியல். பிறகு குற்றச்சாட்டின் வாசகத்தை எடைபோடுங்கள். ‘பணியில் அலட்சியமாகவும் அரசு ஊழியருக்குப் பொருந்தாத வகையிலும் நடந்துகொண்டார்’ என்ற வாசகத்துக்கு யாராலும் பதில் சொல்ல முடியாது. எந்த நாள், எந்தக் கோப்பு, எந்தச் செயல் என்பது அதில் இல்லை. ‘இன்ன நாளில் வரப்பெற்ற பட்டா மாறுதல் மனுவை இன்ன நாள் வரை பதிவேட்டில் பதியாமல் வைத்திருந்தார்’ என்றால் அது பதில் சொல்லக்கூடிய குற்றச்சாட்டு. முதல் வகையாக இருந்தால், விளக்கம் தருவதற்கு முன் குற்றச்சாட்டைத் தெளிவுபடுத்துமாறு எழுத்து மூலம் கேளுங்கள்.

பட்டியலில் உள்ள ஆவணங்களின் நகல் இணைக்கப்படாவிட்டால், இனம் இனமாகக் குறிப்பிட்டுக் கேட்க வேண்டும். ‘அனைத்து ஆவணங்களும் வேண்டும்’ என்று பொதுவாக எழுதினால், காலம் கடத்துகிறார் என்ற குறிப்புதான் கோப்பில் ஏறும். பட்டியலின் எண், பக்கம், அந்த ஆவணம் எந்தக் குற்றச்சாட்டுக்கு மறுமொழி தரத் தேவை என்பது ஆகிய மூன்றும் கடிதத்தில் இருந்தால், பின்னால் நகல் தராததை நீதிமன்றத்தில் காட்டும்போது, உங்களுக்கு நேர்ந்த பாதிப்பும் தானாகவே தெரியும். சாட்சிகளின் முந்தைய வாக்குமூலங்களையும் ஆவணங்களையும் தர மறுத்ததற்காகவே பணிநீக்கங்கள் ரத்தானதுண்டு. காசிநாத் தீட்சித் வழக்கு (1986) அதற்கு முன்னோடி.

எழுத்து மூல விளக்கத்தில் 17(ஆ)-க்கு உரிய ஒரு வரியை மறக்கவே கூடாது: ‘வாய்மொழி விசாரணை நடத்தப்பட வேண்டும் என்று விரும்புகிறேன்.’ நேரில் கேட்கப்பட விரும்புகிறீர்களா, வாய்மொழி விசாரணை வேண்டுமா என்று குறிப்பாணை கேட்கும். இந்தக் கேள்விக்குப் பதில் எழுதாமல் விட்டுவிட்டு, சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்பே தரவில்லை என்று பின்னர் சொல்வது கடினம். விளக்கத்தில் மன்னிப்புக் கேட்கும் தொனியில் எழுதப்படும் வரிகள் ஒப்புதல் வாக்குமூலமாக எடுத்துக்கொள்ளப்படலாம். ‘தவறு நடந்திருந்தால் மன்னிக்க வேண்டுகிறேன்’ என்று பணிவுக்காக எழுதியதே குற்றம் ஒப்புக்கொள்ளப்பட்டது என்ற முடிவுக்கு அடிப்படையாகிவிடக்கூடும்.

குறிப்பாணையை எதிர்த்து உடனே நீதிமன்றம் செல்லலாமா? பொதுவாகக் கூடாது. குற்றச்சாட்டு என்பது இன்னும் தண்டனை ஆகவில்லை என்பதால், அந்த நிலையில் மனு ஏற்கத்தக்கதல்ல என்பதே 2006-இல் உச்ச நீதிமன்றம் வலியுறுத்திய நிலை. விலக்குகள் சில உண்டு. அதிகாரமற்றவர் பிறப்பித்த குறிப்பாணை ஒன்று. மற்றொன்று விளக்கமில்லாத நீண்ட தாமதம்: தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் ஒருவருக்கு, 1990-இல் நடந்ததாகச் சொல்லப்பட்ட முறைகேட்டுக்காக 2000-இல் வழங்கிய குறிப்பாணையை மகாதேவன் வழக்கில் (2005) உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தாமதத்தைக் காரணமாகக் காட்டுவோர், துறைக்கு அந்தச் செய்தி எப்போது தெரியவந்தது என்பதற்கான சான்றைத் தேடி எடுக்க வேண்டும். நிகழ்ந்த நாளைவிட தெரிந்த நாளே வழக்கில் முக்கியம்.

தற்காலிகப் பணிநீக்கம்

17(உ) விதியின் கீழ் வரும் தற்காலிகப் பணிநீக்கம் (‘சஸ்பென்ஷன்’) தண்டனை ஆகாது. விசாரணைக்குத் தடையின்றி ஒருவரை விலக்கி வைப்பது மட்டுமே. ஆனால் மாதக்கணக்கில் அது நீளும்போது, குடும்பம் படும் துன்பம் தண்டனையைவிடக் குறைந்ததாக இருப்பதில்லை. மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தரப்படாவிட்டால் அதற்கு மேல் நீடிக்கக் கூடாது என்றும், தரப்பட்டிருந்தால் நீட்டிப்புக்குக் காரணம் காட்டும் ஆணை வேண்டும் என்றும் அஜய் குமார் சௌத்ரி வழக்கு (2015) சொல்கிறது. இது எல்லா வழக்கிலும் தானாகவே பொருந்திவிடாது, ஒவ்வொன்றின் தன்மையையும் பார்க்க வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2022-இல் விளக்கியது. எனவே மூன்று மாதம் முடிந்ததும் பணிக்குத் திரும்பிவிடலாம் என்று எண்ணாமல், மறுஆய்வு கேட்டு மனு கொடுங்கள். பதில் இல்லையென்றால் நீதிமன்றம் செல்லுங்கள்.

இந்தக் காலத்தில் தரப்படும் பிழைப்பூதியம் உரிமை. அதைத் தராமல் விசாரணை நடத்தி, ஊழியரால் வரமுடியாமல் போன நிலையில் எடுத்த முடிவு செல்லாது என்று பால் ஆன்டனி வழக்கில் (1999) முடிவாயிற்று. வேறு வேலையில் இல்லை என்ற சான்றை மாதந்தோறும் தவறாமல் கொடுத்து வாருங்கள். அதைத் தராததையே காரணம் காட்டிப் பலருக்குப் பிழைப்பூதியம் நிறுத்தப்பட்டிருக்கிறது.

விசாரணை அறையில்

விசாரணை அலுவலர் துறையின் வழக்கறிஞராக மாறக் கூடாது. அவர் நடுநிலையான தீர்ப்பாளர். ஊழியர் வராதபோதும் சான்றுகளைப் பதிவு செய்து, குற்றம் மெய்ப்பிக்கப்பட்டதா என்று பார்க்கக் கடமைப்பட்டவர். சரோஜ் குமார் சின்கா வழக்கு (2010) இதைத் தெளிவாகச் சொல்கிறது. புகார்தாரர், சாட்சி, விசாரணை அலுவலர் ஆகிய மூன்று இடங்களிலும் ஒருவரே இருப்பதாகத் தெரிந்தால், முதல் அமர்வுக்கு முன்பே மாற்றக் கோரி எழுதுங்கள். எல்லா அமர்வுகளும் முடிந்து பாதகமான அறிக்கை வந்த பின் பாரபட்சம் பேசினால் எடுபடாது.

ஒவ்வொரு அமர்வின் பதிவையும் படித்துப் பார்த்த பின்னரே கையொப்பமிட வேண்டும். சாட்சி சொன்னது தவறாகப் பதிவாகியிருந்தால், ‘இன்ன வரி சாட்சி கூறியதற்கு மாறாகப் பதிவாகியுள்ளது’ என்று அங்கேயே எழுதிக் கையொப்பமிடலாம். அனுமதிக்காவிட்டால் அன்று மாலையே விரைவுத் தபாலில் அனுப்புங்கள். குறுக்கு விசாரணைக்குக் கேள்விகளை முன்கூட்டியே எழுதிக்கொண்டு செல்லுங்கள். சாட்சி நேரில் கண்டாரா, பிறர் சொல்லக் கேட்டாரா, ஆவணத்தை அவர்தான் தயாரித்தாரா என்ற மூன்றுமே பல வழக்குகளில் போதும். காவல்துறை ஆவணத்தையோ ஒப்புதல் வாக்குமூலத்தையோ கோப்பில் வைத்துவிட்டாலே அது மெய்ப்பிக்கப்பட்டதாகிவிடாது. அதைச் சொல்ல ஆள் வேண்டும் என்பது ரூப் சிங் நேகி வழக்கு (2009). வழக்கறிஞரின் துணை பொதுவாகக் கிடைக்காது. ஆனால் துறையின் தரப்பில் சட்டப் பயிற்சி உள்ளவர் நடத்துகிறார் என்றால் உங்களுக்கும் அந்த வாய்ப்பைக் கேட்கலாம். பம்பாய்த் துறைமுக வழக்கு (1983) அதற்கு ஆதாரம்.

குற்ற வழக்கைப் போல ஐயத்துக்கு அப்பால் மெய்ப்பிக்க வேண்டியதில்லை. நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்ற அளவே இங்கே போதும். குற்ற வழக்கில் விடுதலையானவர் துறை நடவடிக்கையிலிருந்தும் தானாக விடுபடமாட்டார் என்பதற்கு இதுவே காரணம். இரண்டிலும் அதே சாட்சிகள், அதே நிகழ்வு என்ற நிலையில் குற்றமற்றவர் என்று முழுமையாக விடுவிக்கப்பட்டிருந்தால் மட்டும் வாதம் வலுப்பெறும்.

அறிக்கை, தண்டனை, அதற்குப் பின்

விசாரணை அறிக்கையின் நகல், தண்டனை முடிவாவதற்கு முன் உங்களுக்குத் தரப்பட வேண்டும். கருணாகர் வழக்கில் (1993) ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு நிலைநாட்டிய உரிமை இது. அறிக்கை உங்களுக்குச் சாதகமாக இருந்து, ஒழுங்கு நடவடிக்கை அதிகாரி அதற்கு மாறான முடிவுக்கு வர நினைத்தால், முரண்படும் காரணங்களைத் தெரிவித்து உங்கள் பதிலைக் கேட்க வேண்டும் என்பது குஞ்ச் பிகாரி மிஸ்ரா வழக்கு (1998). அறிக்கைக்கு எழுதும் மறுமொழி பெரும்பாலும் அவசரத்தில் ஒரு பக்கத்தில் முடிந்துவிடுகிறது. அது தவறு, எந்தச் சாட்சியின் எந்தப் பதிலை அறிக்கை கவனிக்கவில்லை என்பதைப் பக்க எண்ணோடு எழுத வேண்டிய இடம் அதுதான்.

ஊதிய உயர்வு நிறுத்தத்தில் ‘திரண்ட பயனுடன்’ (இழப்பு பின்வரும் ஆண்டுகளிலும் தொடரும்), ‘திரண்ட பயனின்றி’ (நிறுத்தக் காலத்தோடு இழப்பு முடியும்) என்ற இரண்டு சொற்களின் வேறுபாட்டைப் பணிக்காலம் முழுவதும், ஓய்வூதியத்திலும் உணர நேரிடும். திரண்ட பயனுடன் நிறுத்துவது பெருந்தண்டனையே, எனவே முழு விசாரணை இன்றி விதிக்க முடியாது என்று குல்வந்த் சிங் கில் வழக்கில் (1990) உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. 17(அ) குறிப்பாணையின் மேல் இப்படி ஓர் ஆணை வந்திருந்தால், மேல்முறையீட்டின் முதல் பத்தியில் இதைச் சொல்லுங்கள்.

துறைக்குள் உள்ள மேல்முறையீட்டை விதியில் சொன்ன காலத்துக்குள் முடித்துவிட்டு உயர் நீதிமன்றம் செல்வதே முறை. மேல்முறையீட்டு அதிகாரி காரணம் எதுவும் காட்டாமல் ‘பரிசீலித்து நிராகரிக்கப்பட்டது’ என்று மட்டும் எழுதியிருந்தால், அந்த ஆணையே தனியாகத் தாக்கத்தக்கது. உயர் நீதிமன்றம் சாட்சிகளை மறுபடி எடைபோடாது. நடைமுறைக் குறை, சான்றே இல்லாத முடிவு, மனசாட்சியை அதிர வைக்கும் அளவுக்குக் கடுமையான தண்டனை ஆகியவற்றையே பார்க்கும் என்பது சதுர்வேதி வழக்கு (1995) வகுத்த எல்லை. ஆகவே மனுவிலும் இந்த மூன்றையே விரிவாக எழுதச் சொல்லுங்கள்.

நடைமுறைக் குறைக்காகத் தண்டனை ரத்தானால், குறை நேர்ந்த கட்டத்திலிருந்து விசாரணையைத் தொடர நீதிமன்றம் துறைக்கு அனுமதி தருவதுதான் வழக்கம். இடைப்பட்ட காலத்து ஊதியம் அதன் முடிவைப் பொறுத்திருக்கும். தனி நீதிபதியின் தீர்ப்பு பாதகமாக இருந்தால் 30 நாட்களுக்குள் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு செய்யலாம். சாதகமாக இருந்தால், சான்றிட்ட நகலைப் பெற்று, முகப்புக் கடிதத்துடன் உரிய அதிகாரிக்கு உடனே சார்பு செய்து ஒப்புகை பெறுங்கள். குறித்த காலத்தில் நிறைவேற்றாத அதிகாரியின் மீது நீதிமன்ற அவமதிப்பு மனு தாக்கல் செய்யச் சட்டம் தரும் காலம் ஓராண்டு.